மரியா உஸ்பென்ஸ்கயா: நடிகையா, ஆசிரியையா?

அமெரிக்கத் திரைப்பட வரலாற்றை எழுதுவோர் மரியா உஸ்பென்ஸ்கயாவுக்கு இரண்டு வரிகளே ஒதுக்குவர். 'டாட்ஸ்வொர்த்' (1936), 'லவ் அஃபேர்' (1939) ஆகிய படங்களுக்காகத் துணை நடிகைக்குரிய ஆஸ்கார் விருதுக்கு இருமுறை பரிந்துரைக்கப்பட்டார். 'தி உல்ஃப் மேன்' (1941) படத்தில் நாடோடி இனத்துக் கிழவியாக நடித்தார். அவ்வளவே. இவ்வளவில் நின்றுவிடுவது அவருக்கு இழைக்கும் அநீதி என்பது என் கருத்து. அவரை முதற்கண் ஆசிரியை என்றே மதிப்பிடல் வேண்டும்.

ரஷ்யாவின் தூலா நகரில் 1876இல் பிறந்த அவர், மாஸ்கோ கலை அரங்கில் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் வழியில் நடிப்புப் பயின்றவர். 1923இல் அக்குழு நியூயார்க் சென்று ரஷ்ய மொழியிலேயே நாடகங்களை நிகழ்த்தியது. மொழி அறியாத மக்களும் வியந்து நோக்கினர். குழு தாயகம் மீண்டபோது மரியா மீளவில்லை. வயதோ ஐம்பதை நெருங்கியது, ஆங்கிலமோ புதியது. சொல்லையே கருவியாகக் கொண்ட ஒருவர் தம் மொழியைத் துறந்து வாழத் துணிவது எளிதன்று.

அந்த நிலையில்தான் அவர் ஆசிரியையானார். சக கலைஞரான போலஸ்லாவ்ஸ்கி நடத்திய அமெரிக்கன் லேபரட்டரி தியேட்டரில் மனத்தை ஒருமுகப்படுத்தும் பயிற்சியையும், ஐம்புலன் அனுபவங்களை நினைவிலிருந்து மீட்டெடுக்கும் பயிற்சியையும் கற்பித்தார். அழுகையைக் கட்டளையிட்டு வரவழைத்தல் இயலாது. உள்ளம் நிறைந்தால் மெய் தானே காட்டும் என்பதே அதன் சாரம். தொல்காப்பிய மெய்ப்பாட்டியலைக் கற்ற நமக்கு இக்கருத்து அந்நியமானதன்று. இதற்குப் பிழையற்ற உச்சரிப்பு வேண்டுமா என்ன? அவரது உடைந்த ஆங்கிலத்தைக் கேட்டுப் பயின்றவர்களுள் லீ ஸ்ட்ராஸ்பெர்க், ஸ்டெல்லா ஆட்லர், ஹெரால்ட் கிளர்மன் ஆகியோர் அடங்குவர். 1931இல் தோன்றிய குரூப் தியேட்டர் என்னும் நாடகக் குழுவில் இம்மூவரும் பங்கு கொண்டனர். பின்னாளில் மார்லன் பிராண்டோ ஆட்லரின் மாணவரானார். (வட்டார வழக்கில் பேசும் மாணவரைக் கண்டு நகைக்கும் நம் வகுப்பறைகள் இதனை எண்ணிப் பார்ப்பது நன்று.)

மாணவர்கள் ஒத்த கருத்தினராய் இருந்தனர் என்று கூறுவதற்கில்லை. உணர்ச்சி நினைவே நடிப்பின் உயிர் என்றார் ஸ்ட்ராஸ்பெர்க். 1934இல் பாரிஸில் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியையே நேரில் கண்டு திரும்பிய ஆட்லர், அதனை மறுத்தார். ஒரே பள்ளியில் பயின்றோர் இவ்வாறு முரண்பட்டதைச் சிலர் குறையாகக் கூறுவர். யான் அதனை அவ்வாசிரியையின் பெருமையாகவே கொள்வேன்.

திரைப்படத் துறையோ அவரது அயல்நாட்டு உச்சரிப்பை ஓர் ஒப்பனைப் பொருளாகவே பயன்படுத்திக்கொண்டது. ஐரோப்பியப் பிரபுக் குடும்பத்து மூதாட்டி, நாடோடிக் கிழவி ஆகிய வேடங்கள் மட்டுமல்ல. 'தி ரெய்ன்ஸ் கேம்' (1939) படத்தில் இந்திய மகாராணி வேடமும் அவருக்கே வாய்த்தது! அயலார் எவராயினும் அந்த ஒரு குரல் போதும் என்று கருதினர் போலும். அவ்வேடங்களுக்கு இடையிலும், தாம் 1929இல் நியூயார்க்கில் தொடங்கிய நடிப்புப் பள்ளியைப் பின்னர் லாஸ் ஏஞ்சல்ஸுக்கு மாற்றிக் கற்பித்து வந்தார். 1949 டிசம்பரில், வீட்டில் நேர்ந்த தீ விபத்தை அடுத்து மறைந்தார்.

அவரைக் காண விழையும் மாணவர்கள் 'வாட்டர்லூ பிரிட்ஜ்' (1940) படத்தைப் பார்க்கலாம். அதில் கண்டிப்பு மிக்க பாலே நடன ஆசிரியையாகச் சிறிது நேரமே தோன்றுகிறார். அந்த ஒரு படத்தில் மட்டும் அவர் நடிப்பதாக எனக்குத் தோன்றவில்லை.