நிலத்தடி நீருக்குப் பட்டா உண்டா?

மண்ணுக்குள் போனது போனதுதான், பூமாதேவி எதையும் ஜீரணித்துவிடுவாள்! சாயக்கழிவைக் குழி தோண்டி இறக்குகிற முதலாளியிடம் கேளுங்கள், மருந்து கலக்கிய பீப்பாயைக் கிணற்று மேட்டிலேயே கழுவி ஊற்றச் சொல்லுகிற பண்ணையாரிடம் கேளுங்கள், இந்த வேதாந்தத்தைத்தான் சொல்லுவார்கள். ஆனால் இந்த வேதாந்திகள் யாரும் அந்தக் கிணற்றுத் தண்ணீரைக் குடிப்பதில்லை. அவர்கள் வீட்டுக்குக் கேன் தண்ணீர் வருகிறது. சுத்திகரிக்கும் மெஷின் சுவரில் தொங்குகிறது. அந்தத் தண்ணீரைக் குடிப்பது யார்? மருந்தடித்த கையோடு வரப்பில் உட்கார்ந்து கஞ்சி குடிக்கும் விவசாயத் தொழிலாளி. நைட் ஷிப்டு முடிந்து வரும் மில் தொழிலாளியின் பெண்டு பிள்ளைகள்.

ஆகவே, தோழர்களே, இந்த வேதாந்தம் உண்மையா புளுகா என்று பார்த்துவிடுவோம். இதற்குப் பெரிய படிப்பு தேவையில்லை. கிணறு வெட்டிய கைகளுக்குப் பாதி விஷயம் ஏற்கெனவே தெரியும்.

மேற்கே மேற்குத் தொடர்ச்சி மலை. கிழக்கே மேகமலை, வருசநாட்டு மலைகள். நடுவிலே முல்லையாறும் சுருளியாறும் ஓடுகிற கம்பம் பள்ளத்தாக்கு. 1895-ல் பெரியாறு அணையைக் கட்டி, மலையைக் குடைந்து தண்ணீரைக் கொண்டுவந்த பிறகு ஆற்றை ஒட்டிய வயல்களில் நெல் விளைகிறது. வாய்க்கால் எட்டாத மேட்டு நிலமோ, திராட்சையானாலும் வாழையானாலும் தென்னையானாலும், கிணற்றையும் போரையும் நம்பித்தான் இருக்கிறது. அந்த மேட்டில் தோண்டினால் என்ன வருகிறது? முதலில் செம்மண். அதன்கீழ் சரளை. அதன்கீழ் கையால் நொறுங்குகிற மக்கிய பாறை. அதற்கும் கீழே வெடி வைத்தால்தான் உடைகிற கரும்பாறை. சார்னகைட் என்றும் நைஸ் என்றும் நிலவியல் நிபுணர்கள் இதற்குப் பெயர் வைத்திருக்கிறார்கள்.

மக்கிய பாறை ஊறிய பஞ்சு மாதிரி. அதன் நுண்ணிய துவாரங்களில் தண்ணீர் தங்குகிறது. கரும்பாறைக்கு அந்தக் குணம் கிடையாது. அதில் விரிசல்கள்தான் உண்டு. நாம் ஊற்றுக்கண் என்பது அதைத்தான். பூமிக்கடியில் ஏதோ ஆறு ஓடுகிறது என்று நினைப்பது தவறு. (உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு நீரோட்டம் பார்க்கிறவர் வாங்குகிற தட்சிணையைப் பற்றி இன்னொரு நாள் பேசலாம்.) துவாரத்திலும் விரிசலிலும் கசிந்து நகருகிற தண்ணீர்தான் நம் கிணற்றில் ஊறுகிறது.

எப்படி நகருகிறது? பிரான்ஸ் தேசத்தில் திஜோன் நகரத்துக்குக் குடிநீர் கொண்டுவந்த ஹென்றி டார்சி என்ற எஞ்சினீயர் ஒரு குழாயில் மணலை அடைத்து, அதில் தண்ணீரை இறக்கி அளந்து பார்த்தார். 1856-ல் தன் கணக்கை வெளியிட்டார். இரு முனைகளிலும் நீர்மட்ட வித்தியாசம் எவ்வளவு அதிகமோ, அவ்வளவு அதிகமாகத் தண்ணீர் போகும். தூரம் கூடினால் குறையும். பெருமணலில் வேகம், களிமண்ணில் மகா மந்தம். அவ்வளவுதான் விதி. எந்த நிபுணர் வந்தாலும் இந்த விதியில் ஆரம்பித்துத்தான் கணக்குப் போடவேண்டும். இந்த விதியிலே சர்வே நம்பர் உண்டா? வரப்பு உண்டா? பட்டாதாரர் பெயர் உண்டா? கிடையாது! மட்டம் எங்கே தாழ்ந்திருக்கிறதோ அங்கே தண்ணீர் போகும்.

இப்போது பண்ணையாரின் போருக்கு வருவோம். இரவும் பகலும் மோட்டார் ஓடுகிறது. போரைச் சுற்றி நீர்மட்டம் புனல் மாதிரி இறங்குகிறது. மட்டம் இறங்கியதும் சுற்றிலுமுள்ள தண்ணீரெல்லாம் அந்தப் பக்கம் சாய்கிறது. பக்கத்துச் சிறு விவசாயியின் அறுபதடிக் கிணறு வறண்டு போகிறது. காலனிக் கிணறு சேறாகிறது. இது நமக்குத் தெரிந்த கதை. தெரியாத கதை ஒன்று உண்டு. தண்ணீர் மட்டுமா சாய்கிறது? எங்கேயோ ஒரு குழியில் இறங்கிக் கிடந்த அழுக்கும் கூடவே சாய்கிறது. நேற்றுவரை வடக்கே போய்க்கொண்டிருந்த விஷம், பெரிய மோட்டார் ஒன்று தெற்கே ஓட ஆரம்பித்ததும் தெற்கே திரும்பிவிடும். வழியிலே குடிதண்ணீர்க் கிணறு இருந்தால் அதற்குள்ளும் நுழையும்.

எல்லா விஷமும் ஒரே மாதிரி நகருவதில்லை. இதை நாம் கவனமாகப் புரிந்துகொள்ள வேண்டும்; ஏனென்றால் ஏமாற்று வேலை இங்கேதான் நடக்கிறது. சாயப்பட்டறை உப்பும், யூரியாவிலிருந்தும் சாக்கடையிலிருந்தும் வருகிற நைட்ரேட்டும் தண்ணீரில் கரைந்து, தண்ணீர் போகிற வேகத்திலேயே போகும். களிமண்கூட இவற்றைப் பெரிதாகப் பிடித்துவைப்பதில்லை. கொதிக்க வைத்தாலும் போகாது. தண்ணீர் வற்ற வற்ற அளவு கூடத்தான் செய்யும். பெட்ரோலும் மண்ணெண்ணெயும் நிலத்தடி நீரின்மேல் மிதக்கும். பாதரசம் தண்ணீரைவிட 13 மடங்குக்கு மேல் கனமானது. முத்து முத்தாக உடைந்து துவாரங்கள் வழியே கீழே இறங்கும். சில பூச்சி மருந்துகளும் உலோகங்களும் மண்ணிலும் மக்கிலும் ஒட்டிக்கொள்ளும். “ஒட்டிக்கொண்டது, இனி ஆபத்தில்லை” என்கிறார்கள். பொய்! மழை மண்ணை அரிக்கும்போது அதுவும் சேர்ந்து போகும். விரிசலில் ஓடிய விஷம் பக்கத்துப் பாறையின் நுண் துவாரங்களுக்குள் ஊறிக்கொள்ளும். விரிசலில் நல்ல தண்ணீர் வந்தபிறகு கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பக் கக்கும். குழியை மூடிப் பல வருஷமான பிறகும் கிணறு தேறாமல் கிடப்பதன் ரகசியம் இதுதான்.

இனிச் சட்டத்தைப் பார்ப்போம். 1882-ல் வெள்ளைக்காரன் எழுதிய ஈஸ்மெண்ட் சட்டம் என்ன சொல்லுகிறது? குறிப்பிட்ட வாய்க்காலில் ஓடாத நிலத்தடி நீரை, நிலத்துக்குச் சொந்தக்காரன் தன் எல்லைக்குள் எடுத்துக்கொள்ள உரிமை உண்டு என்கிறது. டார்சி கணக்கு வெளியாகி 26 வருஷம் கழித்து எழுதிய சட்டம் இது! துவாரத்தில் கசிகிற தண்ணீருக்கு வேலி கிடையாது என்று விஞ்ஞானம் சொன்னபிறகு, மேலே நிலம் யாருக்கோ கீழே தண்ணீரும் அவனுக்கே என்று எழுதி வைத்தார்கள். நிலமே இல்லாத கூலித் தொழிலாளிக்கு? மேலேயும் ஒன்றுமில்லை, கீழேயும் ஒன்றுமில்லை. நம் மாநில சர்க்கார் 2003-ல் நிலத்தடி நீருக்கென்று ஒரு சட்டம் இயற்றியது. அதை நடைமுறைப்படுத்தாமல் பத்து வருஷம் கிடப்பில் போட்டு, 2013-ல் ரத்தும் செய்துவிட்டது. பிறந்த குழந்தைக்குப் பெயர் வைக்காமலே கருமாதி நடத்தியது மாதிரி!

மலைமேல் நடந்ததைக் கேளுங்கள். அமெரிக்காவில் நியூயார்க் மாகாணத்தின் வாட்டர்டவுனில் இருந்த தெர்மாமீட்டர் தொழிற்சாலையை 1980-களின் தொடக்கத்தில் பாண்ட்ஸ் கம்பெனி கொடைக்கானலுக்குக் கொண்டுவந்தது. பிறகு அது இந்துஸ்தான் லீவர் கைக்குப் போயிற்று. 2001 மார்ச்சில், பாதரசம் கலந்த 7.4 டன் உடைந்த கண்ணாடி ஊருக்குள் ஒரு பழைய சாமான் கடையில் கிடந்தது வெளிச்சத்துக்கு வந்தது. ஆலை மூடப்பட்டது. 2003-ல் சுமார் 290 டன் கழிவு கப்பலேறி அமெரிக்காவுக்கே திரும்பிப் போயிற்று. அங்கே வேலை செய்த தொழிலாளிகள் வருஷக்கணக்கில் போராடினார்கள். 2016-ல்தான் 591 முன்னாள் தொழிலாளிகளுக்கும் குடும்பங்களுக்குமாக ஓர் ஒப்பந்தம் ஏற்பட்டது. தொழிலாளிகளின் உடல்நலத்துக்குக் கேடு எதுவும் நிரூபிக்கப்படவில்லை, மனிதாபிமானத்தில் கொடுக்கிறோம் என்றது கம்பெனி. மனிதாபிமானத்துக்கு 15 வருஷம் தேவைப்பட்டிருக்கிறது!

கழிவு கப்பலேறியது; மண்ணில் இறங்கிய பாதரசம் ஏறவில்லை. ஒரு கிலோ மண்ணில் 20 மில்லிகிராம் வரை இருக்கலாம் என்பது சுத்தம் செய்வதற்கான அளவாக வைக்கப்பட்டது. குடியிருப்பு நிலத்துக்கு இங்கிலாந்தில் பார்க்கிற அளவு ஒரு மில்லிகிராம்தான், அதையே இங்கும் வையுங்கள் என்று கேட்டவர்கள் சும்மா கேட்கவில்லை. ஏனென்றால் ஆலை நின்ற மேடு பாம்பார் சோலைக்குள் சரிகிறது. பாம்பாறு எங்கே இறங்குகிறது? கும்பக்கரை அருவியாக, பெரியகுளம் பக்கம், நம் தேனி மாவட்டத்தில்! கொடைக்கானல் திண்டுக்கல் மாவட்டம் என்று கலெக்டர் ஆபீஸ் வரைபடம் சொல்லலாம். தண்ணீர் அந்த வரைபடத்தைப் படித்ததில்லை. மேலே எவ்வளவு விஷம் மிச்சம் வைக்கலாம் என்று பேசி முடிக்கும் மேஜையில் கீழே குடியிருக்கிறவனுக்கும் ஒரு நாற்காலி வேண்டும் என்கிறோம்.

மில் தொழிலாளித் தோழர்களுக்கு ஒரு வார்த்தை. “தண்ணீர், தண்ணீர் என்று கத்தினால் மில்லை மூடிவிடுவார்கள், உன் சோறு போய்விடும்” என்று மேஸ்திரி மூலம் செய்தி வரும். நொய்யல் கரையில் என்ன நடந்தது? பாசனத்துக்கென்று 1992-ல் கட்டிய ஒரத்துப்பாளையம் அணை திருப்பூர்ச் சாயக்கழிவின் தொட்டியாக மாறியது. தேங்கிய தண்ணீர் சுற்றுவட்டக் கிணறுகளுக்குள் இறங்கியது. தென்னையும் பயிரும் கருகின. 2011 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்டது. தொழிலாளிகள் ஆயிரக்கணக்கில் தெருவில் நின்றார்கள். விவசாயி நிலத்தை இழந்தான், தொழிலாளி வேலையை இழந்தான். லாபம் மட்டும் முன்பே பத்திரமான இடத்துக்குப் போய்விட்டது. பிறகு? கழிவு நீரைச் சவ்வு வழியே வடித்து, உப்பைப் பிரித்து, தண்ணீரைத் திரும்ப உபயோகிக்கும் ஏற்பாட்டோடு பட்டறைகள் மறுபடி ஓடின. அதாவது வழி இல்லாமல் இல்லை. பணம் செலவாகும் என்பதால் செய்யவில்லை. ஆகவே மூடலா, விஷமா என்ற கேள்வியே முதலாளி நம்மை மோதவிடக் கண்டுபிடித்த கேள்வி. சுத்திகரிப்பு நிலையத்தைக் கட்டு, மூடியிருக்கும் நாளுக்குச் சம்பளத்தைக் கொடு என்று இரண்டையும் சேர்த்துக் கேட்கவேண்டும். கெடுத்தவனே செலவை ஏற்கவேண்டும் என்பது நம் ஆசை மட்டுமல்ல. பாலாற்றங்கரைத் தோல் பதனிடும் ஆலைகள் வழக்கில் 1996-ல் சுப்ரீம் கோர்ட் சொன்ன தீர்ப்பு.

இன்னொரு தந்திரம் ரிப்போர்ட். வசதியான ஒரு கிணற்றில், வசதியான ஒரு நாளில், ஒரு பாட்டில் தண்ணீர் எடுத்துப் போய், “எல்லாம் சரியாக இருக்கிறது” என்று காகிதம் நீட்டுவார்கள். நம்முடையது விரிசல் பாறை. விரிசல் எந்தக் கிணற்றோடு சேருகிறதோ அது கெட்டுப்போயிருக்கும். ஐம்பது கஜத்தில் அடுத்த கிணறு நன்றாக இருக்கும். ஒரு பாட்டிலை வைத்து ஊருக்கே நற்சாட்சி கொடுப்பது ஒருவன் நாடியைப் பார்த்துத் தெருவுக்கே மருந்து எழுதுவது போல. மழைக்குப் பின் ஒரு தடவை, கோடையில் ஒரு தடவை, காலனிக் கிணறு உட்பட எல்லாக் குடிநீர்க் கிணற்றிலும் போரிலும் எடுக்கவேண்டும். குடிநீரில் நைட்ரேட் லிட்டருக்கு 45 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக்கூடாது என்பது இந்திய தர நிர்ணயம். அதைத் தாண்டிய தண்ணீரில் பால்பவுடர் கரைத்துக் கொடுத்தால் கைக்குழந்தை உடம்பு நீலம் பாரிக்கும் அபாயம் உண்டு.

மே 1-ந் தேதி ஊருக்கு ஊர் கிராம சபை கூடுகிறது. நம் ஊர்க் கிணறுகளின் பரிசோதனை ரிப்போர்ட்டை, கிணறு வாரியாக, தேதியோடு, தமிழில் உரக்கப் படிக்கவேண்டும் என்று அங்கே தீர்மானம் கொண்டுவருவோம். படிக்க ரிப்போர்ட்டே இல்லையென்றால், இல்லை என்பதையும் மினிட் புத்தகத்தில் எழுதச் சொல்லிக் கையெழுத்துப் போடுவோம்.