பாக் ஹே-யங்: காது குடுத்துக் கேட்க வைக்கிற எழுத்து

கொரியன் சீரிஸ் பாக்கிற ஆக்களிட்ட ‘மை லிபரேஷன் நோட்ஸ்’ பாருங்கோ எண்டு சொன்னா, கனபேர் ரெண்டாவது எபிசோட்டோட நிப்பாட்டிப் போடுவினம். ஒண்டுமே நடக்கேல்லையாம். எனக்கெண்டா, வேலை முடிஞ்சு வீட்டுக்கு வாற களைப்பையே கதையாக்கத் தெரிந்தவர் அதை எழுதிய பாக் ஹே-யங்.

அவர் சிட்கொம்மில் இருந்து வந்தவர். 2004இல் கேபிஎஸ்ஸில் தொடங்கிய ‘ஓல்ட் மிஸ் டயரி’யின் எழுத்தாளர்களில் ஒருவர். பிறகு 2016இல் ‘அனதர் மிஸ் ஓ’. ஒரே பள்ளிக்கூடத்தில் ஒரே பெயரோட ரெண்டு ஓ ஹே-யங். ஒருத்தி எல்லாரும் திரும்பிப் பாக்கிற அழகி, மற்றவள் சும்மா ஒருத்தி. (எழுத்தாளரின்ட பெயரும் ஹே-யங்தான்!) கதை அந்தச் சும்மா ஒருத்தியின்ர பக்கம் நிக்குது.

ஆனா அவரை உண்மையில் காட்டினது 2018இல் வந்த ‘மை மிஸ்டர்’. 21 வயசு ஜி-ஆன், தற்காலிக ஊழியர், தலைக்கு மேல கடன், பராமரிக்க ஒரு அம்மம்மா. காசுக்காக டொங்-ஹூன் எண்ட பொறியியலாளரை வேலையில இருந்து தூக்க உடன்பட்டு, அவரின்ட போனை ஒட்டுக்கேக்கிறாள். இரகசியம் தேடிப் போனவளுக்குக் கிடைக்கிறது அவரின்ட மூச்சுச் சத்தமும் நடைச் சத்தமும், தன்னைப் பற்றி அவர் சொல்ற ஒண்டு ரெண்டு நல்ல சொல்லும். ஒட்டுக்கேக்கிறது ஒரு குற்றம். அதுக்குள்ள இருந்தே ஒரு மனுசரை அறியிற கதையை எடுத்திருக்கிறார். வயசு வித்தியாசம் பற்றி அப்ப பெரிய சர்ச்சை வந்தது. கதை அவையளைக் காதலர் ஆக்கேல்ல, அதால எனக்கு அதில பிரச்சினை இல்லை. ஜி-ஆனை அடிக்கிற கடன்காரனிட்ட மிச்சமிருக்கிற பாசத்தைக் காட்டி அவனைப் பாதி மன்னிக்க வைக்கப் பாக்கிறதுதான் இண்டைக்கும் ஒத்துவரேல்ல.

2022இல் வந்த ‘மை லிபரேஷன் நோட்ஸ்’ இதின்ர அடுத்த படி. மி-ஜொங்கும் ஒப்பந்த ஊழியர்தான். கம்பனியில ஏதாவது ஒரு கிளப்பில சேரச் சொல்லிக் கரைச்சல் குடுக்க, சேர விரும்பாத மூண்டு பேர் தாங்களே ஒண்டு தொடங்கினம். அங்க அறிவுரை சொல்லக்கூடாது, ஆறுதலும் சொல்லக்கூடாது. ஒருத்தர் கதைக்க மற்றவை கேக்கோணும், அவ்வளவுதான். ஜி-ஆன் களவாக் கேட்டதை இவை சம்மதத்தோட கேக்கினம்.

ரெண்டு நாடகத்துக்கும் பெக்சாங் திரைக்கதை விருது கிடைச்சது, 2019இலும் 2023இலும். விருதை விடுங்கோ. ரெண்டாவது எபிசோட்டில நிப்பாட்டினவை அந்தக் கிளப் தொடங்குமட்டுமாவது பாருங்கோ.