காலாவதி தேதி இல்லாத பூட்டு

2021 மே மாதம் வெளியான ‘ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ்’ கேமை கம்ப்யூட்டரில் விளையாடியவர்களுக்கு ஒரு தலைவலி இருந்தது. ஜாம்பியைச் சுட்டு வீழ்த்தும் நொடியில் படம் திக்கித் திக்கி நகரும். காசு கொடுத்து வாங்கியவர்களுக்குத்தான் இந்தத் தொல்லை. ஜூலையில் பரவிய திருட்டுப் பிரதி வழுக்கிக்கொண்டு ஓடியது. அதே மாதம் கேமைத் தயாரித்த கேப்காம் நிறுவனம், திருட்டுத் தடுப்புத் தொழில்நுட்பத்தைச் சரிசெய்ததாகச் சொல்லி ஒரு அப்டேட் வெளியிட்டது, திக்கல் தீர்ந்தது.

அந்த கேமில் இருந்தவை இரண்டு திருட்டுத் தடுப்புப் பூட்டுகள். ஒன்று கேப்காமின் சொந்தப் பூட்டு. மற்றொன்று ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் நகரத்து டெனுவோ. கேமின் முக்கியமான நிரல்களைச் சிடுக்காக்கி, அவற்றை உங்கள் கம்ப்யூட்டரின் பாகங்களோடு பிணைத்துவிடுவது டெனுவோவின் உத்தி. இணையம் வழியாக அதன் சர்வர் தலையாட்டினால்தான் கேம் திறக்கும். 2014-இல் வந்த இந்தப் பூட்டு, பைரசி உலகையே மலைக்க வைத்தது. இரண்டு ஆண்டுகளில் ஓசி கேமே இல்லாமல் போய்விடும் என்று பூட்டுகளை உடைக்கும் சீனாவின் ‘3டிஎம்’ குழு 2016 ஜனவரியில் புலம்பியது. ஆனால், அந்த ஆகஸ்ட்டிலேயே ‘ரைஸ் ஆஃப் த டோம்ப் ரைடர்’ உடைபட்டது. மறு ஜனவரியில் ‘ரெசிடென்ட் ஈவில் 7’ ஐந்தே நாளில் விழுந்தது.

அப்படியானால் பூட்டு வீண்தானா? இல்லை. 86 கேம்களை அலசி 2024-இல் வெளியான ஓர் ஆய்வு, முதல் வாரத்திலேயே பூட்டு உடைந்தால் வருவாயில் சுமார் 20% போகும் என்கிறது. பல ஆண்டு உழைப்பின் பலன் முதல் சில வாரங்களிலேயே கைக்கு வரும் தொழிலில் இது சிறிய அடியல்ல. ஆனால், அதே ஆய்வு இன்னொன்றும் சொல்கிறது: 12 வாரம் தாண்டிய பிறகு உடைந்தால் இழப்பு ஏறக்குறைய இல்லை.

பூட்டின் பயன் மூன்று மாதம். சுமையோ வாங்கியவர் தலையில் காலமெல்லாம். 2021 நவம்பரில் டெனுவோவின் இணைய முகவரி ஒன்று காலாவதியானபோது, முறையாக வாங்கிய கேம்கள் சிலருக்குத் திறக்கவே இல்லை. நாளை அந்த சர்வரே மூடப்பட்டால்?

வழி இருக்கிறது. 2016 மே மாதம் வெளியான ‘டூம்’ கேமிலிருந்து டிசம்பரிலேயே டெனுவோ நீக்கப்பட்டது. அதனால் அந்த கேமுக்கு ஒன்றும் குடிமுழுகிப் போய்விடவில்லை. இப்படிப் பூட்டைக் கழற்றுவது நிறுவனத்தின் பெருந்தன்மையாக இருக்கக் கூடாது. விற்பனை நிபந்தனையாக வேண்டும். மாத்திரை அட்டையில் காலாவதி தேதி அச்சிடுவதுபோல, பூட்டு கழற்றப்படும் தேதியை விலைக்குப் பக்கத்திலேயே போடட்டும். அதைப் பார்த்து, இன்று வாங்குவதா அன்று வாங்குவதா என்று வாங்குபவர் தீர்மானித்துக்கொள்வார்.