உயிர் கொடுக்கும் கம்பி

விருத்தாசலம் என்றதும் பெரும்பாலோருக்கு நினைவு வருவது மணிமுத்தா நதிக்கரையிலுள்ள பழமலைநாதர் கோயில்தான். திருமுதுகுன்றம் என்று தேவாரம் பாடிய பெரியோர்கள் போற்றிய ஸ்தலம் அது. சுந்தரமூர்த்தி நாயனார் இங்கே இறைவனிடம் பெற்ற பொன்னை ஆற்றிலே போட்டுவிட்டுத் திருவாரூர்க் கமலாலயக் குளத்திலே எடுத்துக் கொண்டார் என்பது புராண வரலாறு. 'ஆற்றிலே போட்டுக் குளத்திலே தேடுவது' என்ற பழமொழியும் நம்மிடையே வழங்கி வருகிறது. நாயனாருக்குப் பொன் கிடைத்தது. நம் போன்ற சாமானியர்கள் ஆற்றிலே போட்டதைக் குளத்திலே தேடினால் சேறுதான் மிஞ்சும்.

அந்த ஊருக்கு இன்னொரு கீர்த்தியும் உண்டு. அது பீங்கான் ஊர். பக்கத்து நெய்வேலியில் பழுப்பு நிலக்கரிக்காகப் பூமியை அகழும்போது கிடைக்கும் களிமண், விருத்தாசலத்துச் சூளைகளில் வெந்து, பொம்மையாகவும் ஜாடியாகவும் அகலாகவும் மின்சாரச் சாமான்களாகவும் உருவெடுக்கிறது. பீங்கான் தொழிலைக் கற்பிப்பதற்கென்றே அரசாங்கக் கல்வி நிலையம் ஒன்றும் அவ்வூரில் இருக்கிறது.

அந்தச் சாமான்களில் இரண்டை மாத்திரம் இந்த வாரம் நேயர்களின் முன்னால் எடுத்து வைக்க விரும்புகிறேன். ஒன்று அகல் விளக்கு. மற்றொன்று பியூஸ் கட்டை. முன்னது நெருப்பை அதற்குரிய இடத்திலே உட்கார்த்தி வைக்கிறது. பின்னதோ, நெருப்பு பிறக்கக் கூடாத இடத்தில் பிறப்பதற்கு முன்பே தடுத்து விடுகிறது. வீடுகளில் தீப்பிடிப்பதைப் பற்றி நாம் தெரிந்து கொள்ள வேண்டியவற்றில் பெரும் பகுதி இந்த இரண்டிலும் அடங்கியிருக்கிறது.

முதலில் பியூஸ் கட்டையைக் கவனிப்போம்.

வெள்ளைப் பீங்கான் கட்டை. அதன் இரண்டு முனைகளுக்கும் நடுவே மெல்லியதாக ஒரு கம்பி. வீட்டிற்குள் வரும் மின்சாரம் முழுவதும் அந்தக் கம்பி வழியாகத்தான் வர வேண்டும். அந்தக் கம்பிக்கு ஒரே ஒரு வேலை. அளவுக்கு மிஞ்சிய மின்சாரம் ஓடினால், மற்றக் கம்பிகள் காய்ந்து எரிவதற்கு முன்னால், தான் உருகிப் போவது! தன் உயிரைக் கொடுத்து வீட்டின் உயிரைக் காப்பது. செம்பு உருகுவதற்கு 1,085 டிகிரி உஷ்ணம் வேண்டும். உருகிய துளி தெறித்தாலும், சூளையிலே அதைவிட அதிக உஷ்ணத்தைப் பார்த்து வந்த பீங்கான் அசைந்து கொடுக்காது. அதனால்தான் கட்டையைப் பீங்கானில் செய்கிறார்கள்.

இவ்வளவு யோசனையோடு செய்த காவலை நாம் என்ன செய்கிறோம்? இரண்டு முறை பியூஸ் போனதும் நமக்குக் கோபம் வந்து விடுகிறது. பழைய வயரை உரித்து, நாலு இழைகளைச் சேர்த்து முறுக்கி, கட்டையிலே கட்டுகிறோம். "இனிமேல் பியூஸ் போகவே போகாது!" என்று பெருமையாகச் சொல்லிக் கொள்கிறோம். வாஸ்தவந்தான், பியூஸ் போகாது. அதற்குப் பதிலாக வேறு எது போகும் என்பதுதான் கேள்வி.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. கம்பியில் ஓடும் மின்சாரம் இரு மடங்கானால், அதில் உண்டாகும் உஷ்ணம் இரு மடங்காவதில்லை, நான்கு மடங்காகிறது. மின்சாரம் மும்மடங்கானால் உஷ்ணம் ஒன்பது மடங்கு. ஐந்து ஆம்பியருக்கென்று போட்ட கம்பியில் பதினைந்து ஆம்பியர் ஓடினால் என்ன ஆகும் என்பதை நேயர்களே கணக்கிட்டுக் கொள்ளலாம். 1,000 வாட் இஸ்திரிப் பெட்டி நாலே கால் ஆம்பியருக்குச் சற்று அதிகமாக இழுக்கிறது. 2,000 வாட் வெந்நீர் ஹீட்டர் ஏறக்குறைய 9 ஆம்பியர். இவை இரண்டையும், கூடவே ஒரு மிக்ஸியையும், கடைத்தெருவில் மலிவாக வாங்கிய ஒரே நீட்டுப் பலகையில் செருகி விட்டு, "தெய்வாதீனமாக ஒன்றும் ஆகவில்லை" என்று இருக்கிறோம். தெய்வத்திற்கு நாம் கொடுக்கும் வேலை கொஞ்சமல்ல.

புது வீடுகளில் பீங்கான் கட்டைக்குப் பதிலாக எம்.ஸி.பி. என்னும் தானியங்கி விசை வந்திருக்கிறது. அது உருகுவதில்லை; தானே கீழே விழுந்து மின்சாரத்தை நிறுத்துகிறது. கம்பியிலிருந்து மின்சாரம் கசிந்தால் அதைக் கண்டுபிடித்து நிறுத்தும் ஆர்.ஸி.ஸி.பி. என்ற சாதனமும் உண்டு. வீடுகளில் போடுவது 30 மில்லி ஆம்பியர் கசிந்தாலே வேலை செய்து விடும். இரண்டும் அவசியமானவை. ஆனால் இரண்டாலும் கண்டுபிடிக்க முடியாத கோளாறு ஒன்று இருக்கிறது. அதுதான் தளர்ந்த முனை. செருகிய பிளக் ஆடுகிறதா? சுவிட்சைப் போடும்போது 'சடசட' என்று சத்தம் கேட்கிறதா? பலகை பழுப்பேறியிருக்கிறதா? தொட்டால் சுடுகிறதா? கருகிய வாசனை வருகிறதா? இவையெல்லாம் வீடு நமக்கு எழுதும் எச்சரிக்கைக் கடிதங்கள். படிக்காமல் வைத்துவிட்டு, பின்னால் 'மின்கசிவு' என்று ஒற்றைச் சொல்லில் பழியை எல்லாம் போட்டு விடுகிறோம். ஆற்றிலே போட்டுக் குளத்திலே தேடுவது என்பது இதுதான்.

இனி அகலுக்கு வருவோம்.

அகலின் பெருமை அதன் எல்லையிலே இருக்கிறது. எண்ணெயும் திரியும் சுடரும் அந்தச் சிறு வட்டத்துக்குள்ளேயே அடங்கியிருக்கின்றன. நம் பாட்டிமார்கள் விளக்கு மாடம் என்று சுவரிலே ஓர் இடத்தை ஒதுக்கி வைத்தார்களே, அது அழகுக்காக மட்டுமல்ல. மேலே துணி இல்லை. பக்கத்திலே பாய் இல்லை. காற்று சாய்த்தாலும் சுற்றிலும் சுவர். இன்றோ பூஜை அறையென்று மர அலமாரி ஒன்றைச் செய்து, பிளாஸ்டிக் தோரணம் கட்டி, காகிதப் படங்களை நெருக்கி வைத்து, நடுவிலே விளக்கையும் ஊதுபத்தியையும் ஏற்றிக் கதவைச் சாத்திவிட்டு வெளியூர் போகிறோம். கார்த்திகைத் தீபத்தன்று ஜன்னல் திரைக்குக் கீழே அகல் வைப்பவர்களும் உண்டு. கொசுவர்த்திச் சுருளைக் கட்டிலின் கீழே வைப்பதும் இதே வகைதான். சுடர் இருக்கும் அறையில் விழித்திருக்கும் மனிதர் ஒருவர் இருக்க வேண்டும். இந்த ஒரு விதியைக் கடைப்பிடித்தாலே அநேக விபரீதங்கள் நேராமல் போகும்.

அடுப்பங்கரைக்கும் இதே விதிதான். சட்டியிலே எண்ணெயைக் காய வைத்துவிட்டு டெலிபோன் பேசப் போவது மிகவும் அபாயமான காரியம். எண்ணெய் புகைவது முதல் எச்சரிக்கை. அதை அலட்சியம் செய்தால் அடுத்தது தீ. அப்போது பதறிப்போய்த் தண்ணீரை எடுத்து ஊற்றுபவர்கள் அநேகர். இதைக் காட்டிலும் பெரிய தவறு இல்லை. தண்ணீர் எண்ணெய்க்கு அடியிலே போய் க்ஷண நேரத்தில் ஆவியாகிறது. ஆவியானால் 1,600 மடங்குக்கு மேல் பெருக்கிறது. எரியும் எண்ணெயைக் கூரை மட்டும் வாரி இறைக்கிறது. செய்ய வேண்டியது, அடுப்பை அணைத்து, ஒரு தட்டைப் பக்கவாட்டில் நகர்த்திச் சட்டியை மூடுவதுதான். காற்று இல்லாவிட்டால் தீக்கு உயிர் இல்லை. சூடு நன்றாக ஆறும் வரையில் தட்டை எடுத்துப் பார்க்க வேண்டாம்.

சமையல் வாயு காற்றை விடக் கனமானது. கசிந்தால் மேலே எழும்பிப் போய்விடாது. தரையோடு தரையாகப் படிந்து, மேடைக்கு அடியிலும் மூலை முடுக்குகளிலும் தேங்கி நிற்கும். நூறு பங்கு காற்றில் ஏறக்குறைய இரண்டு பங்கு கலந்தாலே, ஒரு பொறி போதும். அந்தப் பொறி தீக்குச்சியிலிருந்துதான் வர வேண்டும் என்பதில்லை. மின்சார விசையிலிருந்தும் வரலாம். ஆகையால் நாற்றம் வந்தால் விளக்கைப் போடவும் கூடாது. எரிகிற விளக்கை நிறுத்தவும் கூடாது. சிலிண்டரின் ரெகுலேட்டரை மூடிவிட்டு, கதவு ஜன்னல்களைத் திறந்துவிட்டு, எல்லோரும் வெளியே வந்து, அங்கிருந்து 1906 என்ற எண்ணைக் கூப்பிட வேண்டும். ரப்பர்க் குழாயை ஐந்து வருஷத்துக்கு ஒரு முறை மாற்றுவது அவசியம். இடையில் வெடிப்புக் கண்டால் அன்றைக்கே மாற்றிவிட வேண்டும்.

இப்பொழுது சற்றுக் கனத்த மனத்துடன் ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டியிருக்கிறது. 2004-ஆம் ஆண்டு ஜனவரி 23-ஆம் தேதி, ஸ்ரீரங்கத்தில் ஒரு கல்யாண மண்டபத்தின் மாடியிலே வேய்ந்திருந்த கீற்றுப் பந்தலில் மின்சாரக் கோளாறினால் தீப்பற்றி, மணமகன் உள்பட 50-க்கு மேற்பட்டவர்கள் மாண்டார்கள். அதே ஆண்டு ஜூலை 16-ஆம் தேதி, கும்பகோணத்துப் பள்ளிக்கூடம் ஒன்றின் சமையற்கட்டிலே தோன்றிய தீ, கீற்றுக் கூரைக்குத் தாவி, 94 குழந்தைகளைக் கொண்டு போயிற்று. காவிரிக் கரையிலே ஆறே மாதத்தில் நடந்த இந்த இரண்டு துயரங்களிலும் தீ பிறந்த காரணம் வேறு வேறு. ஆனால் அது பரவிய பாதை ஒன்றே: காய்ந்த கீற்று. அதற்குப் பிறகுதான் தமிழ்நாட்டுப் பள்ளிக்கூடங்களிலிருந்து கீற்றுக் கூரைகள் அகற்றப்பட்டன.

பள்ளிக்கூடங்களிலிருந்து அகற்றியாயிற்று, ஏழைகளின் தலைக்கு மேலிருந்து அகற்றுவது அவ்வளவு சுலபமாக இல்லை. 21 லட்சம் குடிசைகளைக் கான்கிரீட் வீடுகளாக மாற்றுவதென்று 2010-இல் ஒரு திட்டம் வந்தது. 2030-க்குள் 8 லட்சம் வீடுகள் கட்டித் தருவதென்று 2024-இல் மற்றொரு திட்டம் வந்தது. திட்டங்களுக்கு மேல் திட்டங்கள் வேண்டியிருப்பதிலிருந்தே இன்னும் எத்தனை குடும்பங்கள் கீற்றுக்கு அடியில் உறங்குகின்றன என்பதை ஊகிக்கலாம். மாடி வீட்டுக்காரர்கள் தீபாவளியன்று ராக்கெட் விடும்போது இதை நினைத்துக் கொள்ள வேண்டும். ராக்கெட் புறப்படுவது நம் மொட்டை மாடியிலிருந்துதான். இறங்குவதோ பெரும்பாலும் நம் வீட்டில் அல்ல. பிறர் கூரையின் மேல் நாம் விளையாட உரிமையில்லை. நம் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்க வேண்டிய தேச பக்தியில் இதுவும் ஒரு பாடம் என்பது என் அபிப்பிராயம்.

கான்கிரீட் வீட்டில் இருப்பவர்களும் தங்களுக்கு அபாயமில்லையென்று நினைத்துவிடக் கூடாது. 2022-ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில், வேலூரில், இரவு மின்னேற்றம் செய்யப் போட்டிருந்த மின்சார ஸ்கூட்டர் தீப்பற்றியதில், தகப்பனாரும் மகளும் புகையினால் மூச்சுத் திணறி இறந்து போனார்கள். தீ நாக்கு அவர்களைத் தீண்டுவதற்கு அவசியமே இருக்கவில்லை. வீட்டுத் தீயில் போகும் உயிர்களில் பெரும்பாலானவற்றைக் கொண்டு போவது புகைதான். தூங்குகிறவன் மூக்குக்குப் புகையின் நாற்றம் எட்டி அவன் எழுந்து விடுவான் என்று நம்புவதற்கில்லை. ஆகவே ஸ்கூட்டரையோ அதன் பாட்டரியையோ வெளியே போகும் வழியில் வைத்து மின்னேற்றம் செய்யலாகாது. எல்லோரும் தூங்கும் வேளையிலும் கூடாது. செல்போனைத் தலையணைக்கு அடியில் வைத்துச் சார்ஜ் போடும் வழக்கத்தையும் இன்றோடு விட்டு விடலாம்.

இவ்வளவையும் மீறித் தீப்பிடித்து விட்டால்? முதலில் மனிதர்கள் வெளியே; பிறகுதான் நகைப் பெட்டி, பத்திரம், டெலிவிஷன் எல்லாம். புகை மேலே நிற்கும்; தரையை ஒட்டி மூச்சு விடக் காற்று இருக்கும். ஆகையால் தவழ்ந்து போக வேண்டும். போகும்போது கதவைச் சாத்திக் கொண்டு போனால் தீ பரவுவது தாமதமாகும். வெளியே வந்து 101 அல்லது 112-ஐக் கூப்பிட வேண்டும். வந்தவர்கள் எதற்காகவும் திரும்ப உள்ளே போகக் கூடாது. உடையில் தீப்பற்றினால் ஓடலாகாது; ஓடினால் காற்றுப் பட்டுத் தீ வளரும். தரையிலே படுத்துப் புரள வேண்டும். மற்றவர்கள் கம்பளியைப் போட்டுப் போர்த்த வேண்டும். சுட்ட இடத்தில் மையும் பற்பசையும் தடவுவது பிரயோஜனமில்லாதது மட்டுமல்ல, கெடுதலும்கூட. குளிர்ந்த குழாய்த் தண்ணீரை 20 நிமிஷம் விட்டுக் கொண்டிருப்பதே சரியான முதல் உதவி.

ஜன்னல்களுக்கெல்லாம் இரும்புக் கம்பி போட்டுத் திருடனைத் தடுத்திருக்கிறோம். அதே கம்பி நம்மையும் உள்ளே தடுத்து வைக்கும் என்பதை மறந்து விடுகிறோம். இரவில் வாசற்கதவைப் பூட்டிவிட்டுச் சாவியை எங்கே வைத்தோம் என்று தேடும் வீடுகள் எத்தனை! சாவி கதவுக்குப் பக்கத்திலே ஓர் ஆணியில் தொங்கட்டும். வீட்டிலுள்ள சிறு குழந்தைக்கும் அந்த ஆணி எங்கே இருக்கிறதென்று தெரிந்திருக்கட்டும்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். இந்தப் பத்திரிகையை மடித்து வைத்ததும், மீட்டர்ப் பலகைக்கு அருகில் சென்று ஒரு நிமிஷம் நின்று பாருங்கள். பியூஸ் கட்டையை நீங்களே பிடுங்கிப் பார்க்க வேண்டாம். விஷயம் தெரிந்த மின்சாரத் தொழிலாளி ஒருவரை நாளைக்கே அழைத்து, மெயின் சுவிட்சை நிறுத்தச் சொல்லித் திறந்து பார்க்கச் சொல்லுங்கள். உள்ளே முறுக்கிய தடித்த கம்பி இருக்குமானால், அதை எடுத்தெறிந்துவிட்டு, அளவான மெல்லிய கம்பியைக் கட்டச் சொல்லுங்கள். கூலி அதிகமாக ஆகாது. சில நாட்கள் பியூஸ் அடிக்கடி போகக்கூடும். போகட்டும், ஒவ்வொரு முறை போகும்போதும் அது தன் வேலையைச் செய்திருக்கிறது என்று சந்தோஷப்படுங்கள்.