தேர்தலைத் தள்ளிப்போடும் சங்கங்களும் எழுதப்படாத ஒரு கடிதமும்

புலம்பெயர்ந்த மண்ணில் தமிழ் அமைப்பொன்றின் தேர்தல் தள்ளிப்போகும் போதெல்லாம் கூறப்படும் சமாதானம் ஒன்றே: "தொண்டு செய்பவர்களை நீதிமன்றத்திற்கு இழுப்பதா? நமக்குள் பேசிக்கொள்ளலாம்." பேச்சோ முடிவதேயில்லை. பொங்கல் விழா முடியட்டும் என்பார்கள், பின்னர் கோடை விடுமுறை, அதன்பின் தீபாவளி. சந்தா மட்டும் தவறாமல் கேட்கப்படும்.

பதவிக்காலம் முடிந்தால் பதவி தானாகவே போய்விடும் எனப் பலர் நம்புகின்றனர். அது தவறு. டெக்சாஸ் சட்டப்படி, அடுத்தவர் தேர்ந்தெடுக்கப்படும் வரை பழைய இயக்குநரே நீடிக்கிறார். தேர்தல் நடத்தாமல் இருப்பதே பதவியில் நீடிக்கும் எளிய வழியாகிவிடுவது இதனால்தான்.

தமிழ்நாட்டிலாவது சங்கங்களுக்குப் பதிவாளர் உண்டு. அரசு தனி அதிகாரியை நியமிக்கலாம். அங்கும் காலத்தாழ்வு என்ன செய்யும் என்பதற்குத் தென்னிந்திய நடிகர் சங்கமே சான்று. 2015 அக்டோபரில் தேர்வான நிர்வாகத்தின் மூன்றாண்டுக் காலம் 2018இல் முடிந்தது. கட்டடப் பணியைக் காட்டி ஆறு மாதம் நீட்டிக்கப்பட்டது. 2019 ஜூன் 23 அன்று பதிவான வாக்குகள், வழக்குகளால் 2022 மார்ச் 20 அன்றுதான் எண்ணப்பட்டன.

சுகர் லேண்டில் அத்தகைய பதிவாளர் எவரும் இல்லை. மாநிலச் செயலர் அலுவலகம் ஆவணங்களைப் பதிவு செய்வதோடு சரி. வருமான வரித்துறைக்கு மனு எழுதுவோரும் உளர். அத்துறை எந்தச் சங்கத்துக்கும் தேர்தல் நடத்தித் தராது. இங்கே உறுப்பினரே அசைய வேண்டும்.

அதற்கான கருவியைச் சட்டம் அவர் கையிலேயே கொடுத்திருக்கிறது. டெக்சாஸ் வணிக அமைப்புகள் சட்டத் தொகுப்பின் 22.154ஆம் பிரிவின்படி, ஆண்டுப் பொதுக்கூட்டம் உரிய காலத்தில் கூட்டப்படாவிட்டால், உறுப்பினர் ஒருவரே அதை எழுத்து மூலம் கோரலாம். கடிதம் சங்கப் பொறுப்பாளர் ஒருவருக்குப் பதிவுத் தபாலில் செல்ல வேண்டும். மின்னஞ்சலும் வாட்ஸ்அப் குழுவில் இடும் கண்டனமும் அதற்கு ஈடாகா. கோரிக்கை நாளிலிருந்து 61ஆம் நாளுக்கு முன் கூட்டம் அழைக்கப்படாவிடில், நிர்வாகக் குழுவின் மீது வழக்குத் தொடுக்கலாம். ஃபோர்ட் பெண்ட் மாவட்டத்தவர்க்கு அந்நீதிமன்றம் அருகிலுள்ள ரிச்மண்டிலேயே உள்ளது. வழக்காட உமக்கு என்ன உரிமை என்று கேட்கவும் இடமில்லை. ஒவ்வொரு உறுப்பினருக்கும் அவ்வுரிமை உண்டெனச் சட்டமே கூறுகிறது. தக்க காரணத்தை எழுதிக் கேட்டால் கணக்கேடுகளையும் பார்வையிடலாம். பத்தில் ஒரு பங்கு வாக்குரிமை உடையோர் சேர்ந்தால் சிறப்புக் கூட்டத்தையே அழைக்கலாம்.

ஆனால் ஒன்று. சந்தா கட்டியவரெல்லாம் சட்டத்தின் கண்ணில் உறுப்பினர் அல்லர். உறுப்பினரே இல்லாத அமைப்பையும் டெக்சாஸ் அனுமதிக்கிறது. அத்தகைய அமைப்பில், குடும்பச் சந்தா என்பது விழா நுழைவுச்சீட்டுக்கு மேல் ஒன்றுமில்லை. ஆகவே, பதிவுச் சான்றையும் சங்க விதிகளையும் முதலில் வாங்கிப் படிக்க வேண்டும். எத்தனை பெற்றோர் படித்திருப்பர்?

பிள்ளைகள் சங்கத்தின் பக்கமே வருவதில்லை என்று அதே பெற்றோர் வருந்துகின்றனர். பள்ளியில் மாணவர் மன்றத் தலைவரையே ஆண்டுதோறும் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் பிள்ளை, தொட்டில் பருவத்தில் கண்ட அதே தலைவரைப் பதினெட்டு வயதிலும் மேடையில் காண எதற்காக வரவேண்டும்? பேசித் தீர்க்கலாம் என்போர் தாராளமாகப் பேசட்டும். சட்டம் தரும் அறுபது நாளும் பேசுவதற்குப் போதுமானவையே. கடிதம் தபாலில் சேர்ந்த பின் பேசட்டும்.