நின்ற நாளுக்கும் கூலி கொடுங்கள்

அம்பத்தூர் ஓ.டி.யிலிருந்து ஆவடி வரை சி.டி.எச். சாலையில் போகிறவர்களுக்குத் தெரிந்திருக்கும். தீபாவளி முடிந்த கையோடு டிராவல்ஸ் கடைகளின் பலகைகளில் பனிமலைப் படங்கள் வந்துவிடும். பூந்தமல்லி டிரங்க் ரோட்டிலும் அதேதான். மணாலி, சோலாங், அடல் சுரங்கம், சிஸ்ஸு என்று ஊர்ப்பெயர்கள். கீழே முதல் நாள், இரண்டாம் நாள் என்று கட்டம் கட்டிய பயண நிரல். கடைக்காரர்கள் நீட்டிய நிரல்களைக் கொஞ்சம் பொறுமையாகவே படித்துப் பார்த்தேன். ஒன்றில்கூட ஒரு நாள் காலியாக இல்லை. மலை நமக்காகத் தினமும் திறந்திருக்கும் என்கிற எண்ணத்தில் போடப்பட்ட கணக்கு அது.

நான் சொல்ல வருவது ஒன்றுதான். பனிக்காலத்தில் தனி வண்டி பேசி மலை பார்க்கப் போகிறவர்கள், வண்டி நகராத நாளுக்கும் ஓட்டுநருக்கு முழு நாள் கூலி கொடுக்க வேண்டும். அதைக் கிளம்புமுன்பே பேசி முடித்துவிட வேண்டும். பெருந்தன்மைக்காக இதைச் சொல்லவில்லை. உங்கள் குடும்பத்தின் உயிர் அந்தக் கூலியில் இருக்கிறது.

பாடியில் பிரேக் செய்யும் தொழிற்சாலை ஒன்றில் சோதனைப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். பிரேக் வண்டியை நிறுத்துவதில்லை. சக்கரத்தை மட்டுமே நிறுத்துகிறது. வண்டியை நிறுத்துவது டயருக்கும் தரைக்கும் நடுவிலுள்ள பிடிப்பு. காய்ந்த தார்ச்சாலையில் நாற்பது கிலோமீட்டர் வேகத்தில் வரும் கார், பிரேக் பிடித்தபின் ஒன்பது, பத்து மீட்டருக்குள் நின்றுவிடும். அதே கார், அதே பிரேக், தரையில் மட்டும் உறைந்த பனி என்றால் அறுபது மீட்டர் போகும். இது சமதளக் கணக்கு. பத்தடிக்கு ஓரடி இறங்கும் சாலையாக இருந்தால் நிறுத்தி வைத்த வண்டியே தானாக நழுவத் தொடங்கும். ஏ.பி.எஸ். இருக்கிறதே என்பார்கள். சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் அது பார்த்துக்கொள்ளும், அதனால் ஸ்டியரிங் கொஞ்சம் சொன்னபடி கேட்கும். இல்லாத பிடிப்பை அதனால் உண்டாக்க முடியாது. அம்பத்தூர் எஸ்டேட்டில் முப்பது வருடம் வண்டி ஓட்டிய கைக்கும் அங்கே மதிப்பில்லை. அந்தக் கை பழகிய தரை வேறு.

பொங்கல் விடுமுறையில் நாங்கள் மூவர் போனோம்: நான், என் மனைவி, அம்பத்தூரிலேயே ஐ.டி. கம்பெனியில் வேலை பார்க்கும் மகள். சண்டிகர் வரை விமானம், அதற்குமேல் மணாலிக்காரர் ஒருவரின் வண்டி. ஓட்டுநர், வழிகாட்டி இரண்டும் அவரே. முப்பதை எட்டாத வயது. லாஹௌல் பள்ளத்தாக்கில் பிறந்தவர். மகள் போனில் பேசியபோது அவர் முதலில் கேட்டது எங்கெங்கே போக வேண்டும் என்பதை அல்ல. கையில் ஒரு நாள் கூடுதலாக இருக்கிறதா என்று கேட்டார். இருந்தால் வருகிறேன், ஓடினாலும் நின்றாலும் ஒரே நாள் கூலி, போகலாமா வேண்டாமா என்பதைக் காலையில் நான்தான் சொல்வேன் என்றார். இப்படிக் கறாராகப் பேசுகிறவர் வேண்டுமா என்று மகள் தயங்கினாள். எனக்கு அந்தப் பேச்சிலேயே நம்பிக்கை வந்துவிட்டது.

இரண்டாம் நாள் இரவு பனி கொட்டியது. விடிந்து பார்த்தால் மேகமே இல்லாத நீல வானம், மரமெல்லாம் வெள்ளை. இதைவிட நல்ல நாள் கிடைக்காது என்று யாருக்கும் தோன்றும். அவர் நடந்தே வந்தார். வண்டியை எடுக்கவில்லை. இன்று சுரங்கம் பக்கம் வேண்டாம் அங்கிள் ஜி என்றார். புதுப்பனி விழுந்த மறுநாள் வெயில் அடித்தால் சரிவிலிருந்து பனி இறங்கும். பகலில் உருகுகிற நீர் சாயங்காலம் சாலையில் கண்ணுக்குத் தெரியாமல் உறைந்துவிடும். போய்விடலாம், திரும்புவதுதான் சிக்கல் என்று விளக்கினார். ஆவடியில் டி.ஆர்.டி.ஓ. என்றால் போர்வண்டி ஆய்வகம்தான் நினைவுக்கு வரும். அதே டி.ஆர்.டி.ஓ.வின் இன்னொரு பிரிவு இமயமலையில் பனிச்சரிவு எச்சரிக்கைகளை வெளியிடுகிறது. அவர் அதையும் போனில் பார்த்திருந்தார். ஆனால் முடிவு அதைப் பார்த்து எடுத்ததாகத் தெரியவில்லை. எதிர்ச்சரிவைத்தான் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவர் பயந்தது வீண் பயமில்லை. 2024 டிசம்பர் 23 அன்று சோலாங்குக்கும் அடல் சுரங்கத்துக்கும் இடையே ஏறத்தாழ ஆயிரம் வண்டிகள் பனியில் மாட்டின. நான்கே நாள் கழித்து சோலாங்கில் சுமார் ஐயாயிரம் பேர் சிக்கினார்கள். குல்லு மாவட்டப் போலீசார் இரவெல்லாம் நின்று மீட்டார்கள். பனி அதிகமானால் நாலு சக்கரமும் இழுக்கும் வண்டியைத் தவிர மற்றவற்றைப் போலீசார் மேலே விடுவதில்லை. ஆனால் தடை வருவதற்கும் பனி விழுவதற்கும் நடுவே சில மணி நேரம் இருக்கிறதே, அந்த நேரத்தில்தான் இவ்வளவு வண்டிகளும் ஏறியிருக்கும். அவற்றில் எத்தனை வண்டியின் ஓட்டுநர் மனசுக்குள் வேண்டாம் என்று நினைத்திருப்பார்? வேண்டாம் என்று சொன்னால் அன்றைய கூலி போகும், நட்சத்திரம் குறையும், ஏஜென்ட் அடுத்த சவாரியை வேறொருவருக்குக் கொடுப்பார். சொல்ல முடியாமல்தான் ஏறியிருப்பார்.

நம்மூர் நீலகிரியிலேயே இதற்குப் பாடம் இருக்கிறது. 2018 அக்டோபரில் கல்லட்டி மலைப்பாதையில் சென்னையிலிருந்து போன கார் பள்ளத்தில் விழுந்து ஐந்து பேர் இறந்தார்கள். உயிரோடு இருந்த இருவரை இரண்டு நாள் கழித்துத்தான் கண்டுபிடிக்க முடிந்தது. அதன்பிறகு ஊட்டியிலிருந்து அந்த வழியாக இறங்க வெளியூர் வண்டிகளுக்குத் தடை வந்தது. முப்பத்தாறு கொண்டை ஊசி வளைவு. உள்ளூர்ப் பழக்கம் இல்லாத கை இறக்கத்தில் பிரேக்கையே மிதித்துக்கொண்டு வரும், சூடேறிய பிரேக் கடைசியில் கைவிட்டுவிடும். அந்தத் தடையைத் தொல்லை என்று திட்டுகிறவர்களை நிறையக் கேட்டிருக்கிறேன். எனக்கு அந்தத் தடையில் ஒரு மறுப்பும் இல்லை.

சரி, அந்தக் காலி நாளில் என்ன செய்தோம்? துங்ரியில் தேவதாரு மரங்களுக்கு நடுவே இருக்கும் ஹிடிம்பா கோயிலுக்கு நடந்தே கூட்டிப்போனார். நம் பாரதக் கதையில் வரும் இடும்பிதான். கடோற்கசனைப் பெற்றவள் அங்கே தெய்வம். 1553-இல் கட்டிய மரக்கோயில், அடுக்கடுக்கான கூரை, ஒவ்வோர் அடுக்கின் மேலும் ஒரு சாண் பனி. என் மனைவிக்குத் திரௌபதி அம்மன் கோயில் தீமிதியும் பாரதக் கூத்தும் பார்த்து வளர்ந்த நினைவு. அவள் தமிழில் சொன்ன கடோற்கசன் கதையை மகள் இந்தியில் சொல்ல, அவர் தன் பாட்டி சொன்ன கதையைப் பதிலுக்குச் சொல்ல, கோயில் வாசலிலேயே வெகுநேரம் போய்விட்டது. பிறகு ஒரு வீட்டில் சிட்டு என்கிற பலகாரம் சாப்பிட்டோம். கோதுமை மாவைப் புளிக்கவைத்து, உள்ளே அக்ரூட் வைத்து, ஆவியில் வேகவைத்து நெய் ஊற்றித் தருகிறார்கள். எங்கள் விடுதியிலிருந்து காலையில் சோலாங் கிளம்பிய ஒரு குடும்பம் இரவு ஒன்பது மணிக்கு மேல்தான் திரும்பியது. குழந்தைகள் அழுது ஓய்ந்திருந்தார்கள். பாதிப் பகல் நெரிசலில் காருக்குள்ளேயே கழிந்ததாம்.

ஒரு நாள் விட்டு, விடியற்காலையில் கிளம்பினோம். இரவில் வண்டியை எப்படி விட்டிருந்தார் என்று பார்த்தேன். ஹேண்ட் பிரேக் போடவில்லை. கியரில் விட்டு, சக்கரத்துக்கு அண்டக் கல் வைத்திருந்தார். ஈரமான பிரேக் இரவில் அப்படியே உறைந்து பிடித்துக்கொண்டால் காலையில் சக்கரம் சுழலாது. எங்கள் சோதனைக்கூடத்தில் இதைக் குளிர் அறையில் வைத்துப் பார்த்திருக்கிறேன். அவர் தன் அப்பாவிடம் கற்றிருக்கிறார். சோலாங் தாண்டியதும் வண்டியை ஓரங்கட்டி சக்கரங்களுக்குச் சங்கிலி மாட்டினார். வெறுங்கையால் மாட்டினார், கையுறை போட்டால் கொக்கி பிடிபடாதாம். இறக்கத்தில் முதல் கியர். பிரேக் மிதியில் அவர் கால் படுவதையே நான் அதிகம் பார்க்கவில்லை.

சுரங்கத்தின் நீளம் 9.02 கிலோமீட்டர். 2020 அக்டோபர் 3 அன்று திறந்தார்கள். 3,978 மீட்டர் உயரத்து ரோத்தாங் கணவாய் தலைக்கு மேலே இருக்க, மலைக்குள்ளேயே போகிறோம். சேரி நாலா என்கிற ஓடையின் நீர் உள்ளே ஊறி ஊறி, தோண்டுவதே வருடக்கணக்கில் தாமதப்பட்டது. மணாலி–லே தூரம் 46 கிலோமீட்டர் குறைந்தது என்று செய்திகளில் படித்திருக்கிறோம். எங்கள் ஓட்டுநருக்கு அது வேறு கணக்கு. கணவாய்க்கு அப்பால் லாஹௌலில் அவர் சிறுவனாக இருந்தபோது குளிர்காலத்தில் ஆறு மாதம் கணவாய் மூடிக்கிடக்கும். யாருக்காவது உடம்பு முடியாமல் போனால் அரசு ஹெலிகாப்டர் வர வேண்டும். அது வர வானம் தெளிய வேண்டும். காத்திருந்தே போய்ச் சேர்ந்தவர்களைப் பற்றிச் சொன்னார். சுரங்கத்தின் மறுவாயில் வெளிச்சமாகத் தெரிந்தபோது வண்டிக்குள் யாரும் பேசவில்லை.

சிஸ்ஸுவில் சந்திரா ஆற்றின் கரையோரம் பாதி உறைந்திருந்தது. எதிரே அருவி, விழுந்தபடியே இறுகி நின்றது. பலகையில் போடுகிற படம் இதுதான். ஆனால் அவர் இல்லாவிட்டால் எனக்குத் தெரியாமலே போயிருக்கும் விஷயங்கள் வேறு: கூரைமேல் குவித்திருந்த வைக்கோல் குளிர்காலம் முழுவதற்குமான மாட்டுத் தீவனம் என்பது, பனிக்கு மேலே மொட்டையாக நிற்கும் மரங்கள் தீவனத்துக்கும் விறகுக்குமாக ஆண்டுதோறும் கிளை கழிக்கப்படும் வில்லோ என்பது, காலடியில் கிடக்கும் வெள்ளை வெளி உண்மையில் பட்டாணி, உருளைக்கிழங்கு வயல் என்பது. ஸ்லெட்ஜ் ஓட்டச் சிலர் அந்த வரப்பை மிதித்துக்கொண்டிருந்தார்கள். அவர் போய் மெதுவாகச் சொல்லி நகர்த்தினார். அடுத்த வாரம் வந்திருந்தால் உங்களையும் கூட்டி வந்திருக்க மாட்டேன் என்றார். ஜனவரி கடைசியில் ராஜா கேபன் தெய்வத்துக்கான விழாக்காலம் தொடங்குகிறது. ஊர் அமைதியாக இருக்க வேண்டும் என்று சிஸ்ஸு வட்டாரத்து ஊர்க்காரர்களே சுற்றுலாவை நிறுத்திவைப்பது உண்டு. வருமானம் கொட்டுகிற மாதத்தில் ஓர் ஊர் கதவைச் சாத்திக்கொள்கிறது என்றால், அந்த ஊரின் மேல் எனக்கு மரியாதை கூடுகிறது.

இத்தனைக்கும் செலவு கட்டுமா என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. ஒரு நாள் கூடுதல் என்றால் விடுதி, சாப்பாடு, லீவு எல்லாம் கூடும். எங்கள் பகுதியில் சனி, ஞாயிறோடு இரண்டு நாள் லீவு சேர்த்து ஓடுகிறவர்கள்தான் பெரும்பாலும். அவர்களுக்கு நான் சொல்வது இதுதான். பார்க்கும் இடங்களில் ஒன்றைக் குறையுங்கள், அந்த நாளைக் காலியாக விடுங்கள். மூன்று குடும்பம் சேர்ந்து ஒரு டெம்போ டிராவலர் பிடித்துப் போவதை மிச்சம் என்று நினைக்கிறோம். பதினைந்து பேரில் ஒருவராவது இவ்வளவு தூரம் வந்துவிட்டுத் திரும்புவதா என்று கிளப்பிவிடுவார், ஓட்டுநர் பணிந்துவிடுவார். சிறு வண்டி, ஒரே குடும்பம் என்றால் அந்த நெருக்கடி இல்லை.

கமிஷன் பற்றியும் சொல்ல வேண்டும். சோலாங் போகும் வழியெல்லாம் எண் போட்ட கடைகளில் பனி உடையும் கம்பூட்டும் வாடகைக்குக் கிடைக்கும். ஓட்டுநர் இந்தக் கடைக்குத்தான் கூட்டிப்போவேன் என்று அடம்பிடிக்கிறார், அவருக்குக் கமிஷன் இருக்கிறது என்று நம்மவர்கள் வந்து புலம்புவார்கள். கமிஷன் இருப்பது உண்மைதான். நாள் கூலியை அடிமாட்டு விலைக்கு அடித்துப் பேசிய ஏஜென்டும் நாமும் விட்ட பள்ளத்தை அவர் அப்படித்தான் நிரப்புகிறார். எங்கள் ஓட்டுநர் எங்களைக் கடைக்குக் கூட்டிப்போகவே இல்லை. அவர் அக்காள் வீட்டிலிருந்து கோட்டும் பூட்டும் கொண்டுவந்து கொடுத்தார்.

அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி டிராவல்ஸ் நடத்துகிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். டிசம்பர் முதல் பிப்ரவரி வரையிலான மணாலிப் பயணத்துக்கு ஒரு காலி நாளை நிரலிலேயே அச்சடியுங்கள். வானிலையைப் பார்த்து ஓட்டுநர் நிறுத்தினால் கூலி குறையாது என்று ரசீதில் ஒரு வரி சேருங்கள். இமாச்சல அரசும் அந்த வரி இல்லாத ஒப்பந்தத்தைப் பனிக்காலத்தில் ஏற்கக் கூடாது. எங்கள் தெருவில் இரண்டு குடும்பங்கள் வரும் ஜனவரிக்குப் பணம் கட்டத் தயாராக இருக்கின்றன. அந்த வரியை எழுதித் தருகிற கடைக்குத்தான் கட்டுவது என்று சொல்லியிருக்கிறார்கள்.