கோடாலி எழுதுகிறேன்!



முதலாமாண்டு ஆங்கில வகுப்பில் ஒருநாள் எழுந்து நின்று, "சார், மே ஐ ஆக்ஸ் எ டவுட்?" என்று கேட்டுத் தொலைத்தேன். வகுப்பே கொல்லென்று சிரித்தது. பாடம் நடத்திக்கொண்டிருந்தவரும் சேர்ந்து சிரித்தார். 'ஆக்ஸ்'னா கோடாலியாம்! அன்றிலிருந்து ஹாஸ்டலில் என் பெயர் கோடாலி. பெயர் போனால் போகட்டும். அதற்குப் பிறகு ஒரு வருடம் நான் எந்த வகுப்பிலும் வாய் திறக்கவில்லை. சந்தேகங்களை எல்லாம் விழுங்கினேன். கணக்கில் அரியர் விழுந்தது. அதுதான் நான் கொடுத்த விலை.

இரண்டாமாண்டில் ஆங்கில மொழியின் வரலாறு பற்றிய புத்தகம் ஒன்று கையில் கிடைத்தது. படித்ததும் தூக்கிவாரிப் போட்டது. பழைய ஆங்கிலத்தில் 'கேள்' என்பதற்கு 'ஆஸ்கியன்', 'ஆக்சியன்' என்று இரண்டு வடிவங்களும் இருந்தனவாம். 14ஆம் நூற்றாண்டில் கவிஞர் சாசரே 'ஆக்ஸ்' என்று எழுதியிருக்கிறார்! பின்னாளில் 'ஆஸ்க்' பொதுவழக்காகி மேலே ஏறிவிட்டது. 'ஆக்ஸ்' சில வட்டாரங்களின் பேச்சில் ஒதுங்கி நின்றது. வீட்டை 'ஹூஸ்' என்று சொல்லும் ஸ்காட்லாந்துக்காரரைப் பார்த்துச் சிரிப்பவர்கள் உண்டு. உண்மையில் அதுதான் பழைய உச்சரிப்பு. மாறிப்போனது லண்டன்காரர்களின் 'ஹவுஸ்'தான்.

இன்னொரு வேடிக்கை. இங்கிலாந்தில் முதல் அச்சகம் வைத்த காக்ஸ்டன், 1490இல் ஒரு நூலின் முன்னுரையில் எழுதியது இது. வணிகர் ஒருவர் கென்ட் பகுதியில் கரையிறங்கி, ஒரு பெண்மணியிடம் 'எக்ஸ்' (முட்டை) கேட்டார். அந்த அம்மாவோ, "எனக்கு பிரெஞ்சு தெரியாதே" என்று கையை விரித்துவிட்டார். 'ஐரன்' என்று இன்னொருவர் சொன்ன பிறகுதான் புரிந்ததாம். வைக்கிங்குகளின் மொழியிலிருந்து வந்து வடக்கே புழங்கிய 'எக்' இன்று உலகமெல்லாம் ஆங்கிலம். 'ஐரன்' போன இடம் தெரியவில்லை. எது சரி, எது தப்பு, சொல்லுங்கள் பார்ப்போம்!

இந்த வட்டாரச் சொற்களை எல்லாம் தேடிச் சேர்த்தவர் யார் தெரியுமா? ஜோசப் ரைட். 1855இல் யார்க்‌ஷயரில் பிறந்தவர். ஆறு வயதில் கல் குவாரியில் கழுதை வண்டி ஓட்டினார். பிறகு சால்டேர் நூற்பாலையில் பாபின் மாற்றும் பையன். பதினைந்து வயதுவரை எழுதப் படிக்கத் தெரியாது. தானாகவே படித்து, ஜெர்மனியில் ஹைடல்பர்க் சென்று 1885இல் டாக்டர் பட்டம் பெற்றார். ஆக்ஸ்ஃபோர்டில் பேராசிரியரானார். 1898 முதல் 1905 வரை ஆறு தொகுதிகளாக ஆங்கில வட்டார வழக்கு அகராதியை வெளியிட்டார். மில்லில் பேசிய பேச்சை அவர் மறைக்கவில்லை. தன் ஊர்ப் பேச்சுக்கு 1892இலேயே இலக்கணம் எழுதிவிட்டார்!

அவருக்குப் பின், லீட்ஸ் பல்கலைக்கழகத்தின் ஹரால்ட் ஆர்ட்டன் தலைமையில் 1950 முதல் 1961 வரை 313 இடங்களில் கள ஆய்வு நடந்தது. கிராமத்துப் பெரியவர்களிடம் ஆயிரத்து முந்நூறுக்கும் மேற்பட்ட கேள்விகள். "இதை நீங்க என்னன்னு சொல்வீங்க?" என்பதுதான் கேட்கும் முறை. "இது தப்பு" என்று யாரும் திருத்தவில்லை. அவர்கள் சொன்னது சொன்னபடியே பதிவாயிற்று.

"அப்ப எப்படி வேணும்னாலும் பேசலாமா?" என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. இல்லை. என் 'ஆக்ஸ்' யார்க்‌ஷயரிலிருந்து வந்ததில்லை, நாக்குப் பிசகியதுதான். இன்டர்வியூவுக்குப் போகிறவன் பொது ஆங்கிலத்தைக் கற்றே ஆகவேண்டும். ஆனால் பொதுவழக்கு என்பது என்ன? ஒர்க்‌ஷாப்பில் படித்தோமே, விட்வொர்த் மரை! பட்டறைக்குப் பட்டறை மரை வேறுபட்டதால், பல பட்டறைகளின் திருகாணிகளைச் சேகரித்துப் பார்த்து, 1841இல் 55 டிகிரி கோணத்தை அவர் முன்வைத்தார். மற்ற மரைகள் பிடிக்காமல் போனதாலா? இல்லை, எல்லா நட்டும் எல்லா போல்ட்டிலும் ஏறவேண்டும் என்பதற்காக. பொதுமொழியும் அப்படித்தான். அது ஒரு வசதி, ஓர் ஒப்பந்தம். அடுத்தவன் வாயை அடைக்கும் ஆப்பு அல்ல.

நண்பர்களே, ஒரு விண்ணப்பம். அடுத்த ஆண்டும் கிராமத்திலிருந்து, தமிழ் மீடியத்திலிருந்து ஒரு பையனோ பெண்ணோ நடுங்கிக்கொண்டே எழுந்து கேள்வி கேட்கப்போகிறார்கள். உச்சரிப்பைப் பிறகு திருத்திக்கொள்ளலாம். முதலில் கேள்விக்குப் பதில் சொல்லுங்கள். சிரித்து உட்கார வைத்துவிட்டால், உட்கார்ந்தவர் ஒரு ஜோசப் ரைட்டாகக்கூட இருக்கலாமே!

கணக்கு அரியரை நான் முடித்துவிட்டேன். இப்போது எல்லா வகுப்பிலும் கேட்கிறேன். சிரிப்பவர்கள் சிரிக்கட்டும்!

– கோடாலி, மூன்றாமாண்டு மெக்கானிக்கல்